சுங்க அதிகாரிகளும் நீதிமன்ற அவமதிப்பும்: இறக்குமதி உரிமப் பிணக்குகள் பற்றிய ஒரு நோக்கு

இறக்குமதி உரிமம் மறுக்கப்பட்டோ, உரிமம் கையிலிருந்தும் பொருள் துறைமுகத்திலே தடுத்து வைக்கப்பட்டோ இன்னலுறும் வணிகர் நீதிமன்றத்தை நாடுகின்றார். ஒரு கட்டளையையும் பெறுகின்றார். அதன் பின்னரும் பொருள் வந்து சேராதபோது அவர் வாயில் முதலில் வருவது, "நீதிமன்றம் சொல்லியும் கேட்கவில்லை, அவமதிப்பு வழக்குப் போடவேண்டும்" என்பதே. இக்கூற்றில் நியாயமான சினம் உண்டு. ஆயின் சட்டம் அச்சினத்தை எவ்வளவு தூரம் ஏற்றுக்கொள்ளும் என்பது வேறொரு வினா. உரிமப் பிணக்குகளில் அவமதிப்பு வழக்கின் வலிமை அதிகாரியின் கொடுமையைப் பொறுத்ததன்று. அவ்வழக்குக்கு முன்னர் பெறப்பட்ட கட்டளை யாருக்கு, எதை, எவ்வளவு தெளிவாகப் பணித்தது என்பதையே பொறுத்தது. இக்கருத்தினை இலங்கை, இந்தியத் தீர்ப்புகள் சிலவற்றைக் கொண்டு விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இப்பொருள் தலைநகரத்துப் பெருவணிகர்க்கு மட்டும் உரியது என எண்ணுதல் தவறு. பாண்டிருப்பைக் கடந்து வடக்கே செல்வோர் அடுத்து அடைவது மருதமுனை. அங்கு கைத்தறி நெசவு பரம்பரைத் தொழில். 1970 முதல் 1977 வரை இறக்குமதிக் கட்டுப்பாடு இறுக்கமாயிருந்த ஆண்டுகளில் அயல்நாட்டுத் துணி அருகியமையால் உள்ளூர்த் தறிகளுக்கு நல்ல காலம் பிறந்தது. 1977 இன் இறுதியில் இறக்குமதி தாராளமாக்கப்பட்டதும் அந்நிலை மாறியது. ஆனால் தறிக்கு வேண்டிய நூலும் சாயமும் பெரும்பாலும் கடல் கடந்தே வரவேண்டும். ஆகவே துணிக்குப் போடப்படும் தடை நெசவாளனைக் காக்கும்; நூலுக்குப் போடப்படும் தடை அவனைப் பட்டினி போடும். இரண்டும் ஒரே சட்டத்தின் கீழ், ஒரே அலுவலகத்திலிருந்து வருவன. உரிமத்தாள் ஒன்றின் தாமதம் தறி ஒன்றின் ஓய்வாக மாறுவதை இப்பகுதியார்க்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. அக்காலம் கழிந்ததென்றும் கூறுதற்கில்லை. அந்நியச் செலாவணி நெருக்கடியின்போது 2020 இல் கட்டுப்பாடுகள் மீண்டும் வந்தன. அவ்வாண்டு மார்ச்சில் நிறுத்தப்பட்ட வாகன இறக்குமதி 2025 இன் தொடக்கத்திலேயே படிப்படியாக மீள அனுமதிக்கப்பட்டது.

முதலில் அவமதிப்பு என்பதன் பொருளை வரையறுத்துக்கொள்ளல் வேண்டும். நீதிமன்றத்தின் மாண்பைக் குலைக்கும் பேச்சும் எழுத்தும் ஒரு வகை. நீதிமன்றம் இட்ட கட்டளைக்கு வேண்டுமென்றே பணியாமை மற்றொரு வகை. நாம் ஈண்டு கருதுவது இரண்டாவதையே. இந்தியாவின் 1971 ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இதனைக் குடியியல் அவமதிப்பு எனப் பெயரிட்டு வரையறுத்தது. இலங்கையில் நெடுங்காலம் தனிச்சட்டம் இருக்கவில்லை. 1978 ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 105(3) ஆம் உறுப்புரை உயர் நீதிமன்றத்துக்கும் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் தம்மை அவமதித்தோரைத் தண்டிக்கும் அதிகாரத்தை அளித்தது. எது அவமதிப்பு என்பதைப் பெரும்பாலும் நீதிபதிகளின் மரபே தீர்மானித்து வந்தது. 2024 ஆம் ஆண்டின் 8 ஆம் இலக்கச் சட்டமே இத்துறைக்கென இயற்றப்பட்ட தனிச்சட்டமாகும். தண்டனை விளையும் குற்றமாதலால், எண்பிக்கும் பொறுப்பு முறையிடுவோர் தலையிலேயே வீழ்கின்றது. அதுவும் நியாயமான ஐயத்துக்கு அப்பால் எண்பித்தல் வேண்டும். கட்டளை இருந்தது, அதன் பொருள் ஐயத்துக்கிடமற்றது, அதிகாரி அதனை அறிந்திருந்தார், அறிந்தும் வேண்டுமென்றே மீறினார் என்னும் இந்நான்கில் ஒன்று தளர்ந்தாலும் வழக்கு விழும்.

கட்டளை இல்லாதவிடத்து அவமதிப்பும் இல்லை. இவ்வெளிய உண்மை இந்நாட்டு வணிகரை ஒரு காலத்தில் எவ்வளவு வருத்தியது என்பதை அறிய, 1940 களின் துணிக் கட்டுப்பாட்டுக்குச் செல்லவேண்டும். போர்க்காலப் பாதுகாப்புப் பிரமாணங்களின் வழியே 1945 இல் ஆக்கப்பட்ட துணிக் கட்டுப்பாட்டு விதிகளில் 62 ஆவது, வணிகர் ஒருவர் தொடர்ந்து வாணிகஞ் செய்யத் தகுதியற்றவர் என நம்புதற்கு நியாயமான ஏதுக்கள் இருக்குமிடத்து அவருடைய உரிமத்தை இரத்துச் செய்யும் அதிகாரத்தைத் துணிக் கட்டுப்பாட்டாளருக்குக் கொடுத்தது. அப்துல் தாசிம் எதிர் எட்மண்ட் ரொட்ரிகோ என்னும் வழக்கில் 1947 இல் இலங்கை உயர் நீதிமன்றம், இத்தகைய இரத்து நீதிமுறைத் தன்மையுடையதாதலின் சேர்ஷியோராறி எனப்படும் எழுத்தாணையால் அழிக்கப்படலாம் எனக் கொண்டது. வணிகருக்குக் கதவு திறந்தது.

மூன்றாண்டுகளில் அக்கதவு அடைபட்டது. துணிக் கூப்பன்களில் முறைகேடு நிகழ்ந்ததெனும் ஐயத்தின் பேரில் உரிமத்தை இழந்த நக்குடா அலி என்பார் கட்டுப்பாட்டாளர் ஜயரத்னவுக்கு எதிராகத் தொடர்ந்த வழக்கு 1950 இல் பிரிவிக் கவுன்சிலுக்குச் சென்றது. ரட்கிளிஃப் பிரபு வழங்கிய தீர்ப்பு இரு முகம் கொண்டது. நியாயமான ஏதுக்கள் என்றால் அவை உண்மையிலேயே இருத்தல் வேண்டும், அதிகாரி இருப்பதாக எண்ணினால் மட்டும் போதாது என்று கூறியது ஒரு முகம். போர்க்காலத்தில் இங்கிலாந்தில் லிவர்சிட்ஜ் வழக்கிலே நீதிபதிகள் நிருவாகத்துக்கு வளைந்து கொடுத்ததை நினைக்கும்போது, இது துணிவான கூற்றே. மறுமுகமோ வணிகருக்குக் கைகொடுக்கவில்லை. உரிமத்தை இரத்துச் செய்யும் கட்டுப்பாட்டாளர் எவருடைய உரிமையையும் தீர்மானிக்கவில்லை. கொடுத்த ஒரு சலுகையைத் திரும்பப் பெறுகின்றார். அது நிருவாகச் செயல். ஆகவே எழுத்தாணை செல்லாது என்றது தீர்ப்பு. ஒருவன் முதலீடு முழுவதும் தங்கியிருக்கும் ஒரு தாளைச் சலுகை என்று பெயரிட்டு ஒதுக்கியமை, கடையை ஒருபோதும் திறந்து பாராதோர் எழுதிய தீர்ப்பென்ற எண்ணத்தையே தருகின்றது. எழுத்தாணை செல்லாதெனின் கட்டளை பிறவாது. கட்டளை பிறவாதெனின் அவமதிப்பைப் பற்றிப் பேசுதற்கே இடமில்லை.

இந்நிலை மாறுதற்கு இங்கிலாந்திலேயே வழி பிறந்தது. பிறைட்டன் நகரப் பொலிஸ் தலைவர் பதவிநீக்கம் பற்றிய ரிட்ஜ் எதிர் போல்ட்வின் வழக்கில், 1963 இல், ரீட் பிரபு நக்குடா அலித் தீர்ப்பு முன்னைய தீர்ப்புகளைத் தவறாகப் புரிந்துகொண்டதன் விளைவெனக் குறை கூறினார். மனிதனொருவனின் உரிமையையோ பிழைப்பையோ பாதிக்கும் முடிவை எடுப்பவர், அம்முடிவின் இயல்பினாலேயே நீதிமுறையாக நடக்கக் கடமைப்பட்டவர் என்பது அவர் கருத்து. பின்னர் யாழ்ப்பாண மாநகர சபை 1966 இல் கலைக்கப்பட்டமை பற்றிய துரையப்பா எதிர் பெர்னாண்டோ வழக்கில் பிரிவிக் கவுன்சிலும் இந்நோக்கையே தழுவிற்று. மேயர் தனித்து வழக்காடியமையால் அவருக்குப் பயன் கிட்டவில்லை என்பது வேறு. இன்று உரிமத்தை இரத்துச் செய்யும் அதிகாரி மறுதரப்பைக் கேட்டல் வேண்டும் என்பதில் ஐயமில்லை. நக்குடா அலிக்கு மட்டும் அதனால் ஆயது ஒன்றுமில்லை.

இனி, கட்டளை பெறக்கூடிய இக்காலத்தும் அவமதிப்பு வழக்குகள் ஏன் தோற்கின்றன என்று பார்ப்போம். ஓர் எடுத்துக்காட்டை நாமே வகுத்துக்கொள்ளலாம். மருதமுனைக்கு நூல் தருவிக்கும் வணிகர் ஒருவர் உரிமத்துக்கு விண்ணப்பிக்கின்றார். விண்ணப்பம் கிடப்பில் கிடக்கின்றது. சரக்கு கொழும்புத் துறைமுகத்தை வந்தடைகின்றது. உரிமம் இல்லையெனச் சுங்கத்தார் அதனைக் கைப்பற்றுகின்றனர். வணிகரின் கண்ணுக்குத் தெரிவது அரசாங்கம் என்னும் ஒரே உருவம். சட்டத்தின் கண்ணுக்குத் தெரிபவரோ இருவர். உரிமம் கொடுப்பதும் மறுப்பதும் 1969 ஆம் ஆண்டின் 1 ஆம் இலக்க இறக்குமதி ஏற்றுமதிக் கட்டுப்பாட்டுச் சட்டத்தின் கீழ் இயங்கும் கட்டுப்பாட்டாளரின் வேலை. உரிமமின்றி வந்த பொருளைத் தடுப்பதும் பறிமுதல் செய்வதும் 1869 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்கச் சுங்கக் கட்டளைச் சட்டத்தின் கீழ்ச் சுங்கத் திணைக்களத்தின் வேலை. கட்டுப்பாட்டாளருக்கு எதிராகப் பெற்ற கட்டளையை எடுத்துக்கொண்டு சுங்கப் பணிப்பாளர் நாயகத்தை அவமதிப்புக்கு உட்படுத்த முனைந்தால், அவர் சொல்லும் விடை சுருக்கமானது: அக்கட்டளை எனக்கிடப்பட்டதன்று. இவ்விடை சட்டப்படி சரியானதாகவே பெரும்பாலும் இருக்கும். ஆகவே மூல மனுவிலேயே இருவரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்து, இருவர்க்கும் வெவ்வேறாகக் கட்டளை கோருதல் இன்றியமையாதது.

எந்த நீதிமன்றம் என்பது அடுத்த இடர். கல்முனையில் மாவட்ட நீதிமன்றம் உண்டு. குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 663 ஆம் பிரிவு, தடையுத்தரவை மீறுவோரை அவமதித்தோர்போலத் தண்டிக்க இடமளிக்கின்றது. இவ்விரண்டையும் சேர்த்து நோக்குவோர் வழி எளிதென்று மயங்கக்கூடும். ஆனால் 1972 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கத் திருத்தச்சட்டம் பொருள்கோடல் கட்டளைச் சட்டத்தில் 24 ஆம் பிரிவைப் புகுத்தியது. அமைச்சரோ பொது அலுவலரோ சட்டம் தந்த அதிகாரத்தைக் கொண்டு செய்யுஞ் செயலுக்கு எதிராகத் தடையுத்தரவு வழங்கும் நியாயாதிக்கம் நீதிமன்றங்களுக்கு இல்லையென்பது அதன் சாரம். அதிகாரத்துக்கு அப்பாற்பட்டுச் செய்யப்பட்ட செயலை இப்பிரிவு காக்காது என்ற வாதம் உண்டெனினும், தொடக்கத்திலேயே அவ்வாதத்தை வென்றெடுத்தல் எளிதன்று. தடையுத்தரவுக்குப் பதிலாக உரிமையை வெளிப்படுத்தும் கட்டளையொன்றை வழங்கலாம் என அப்பிரிவே ஆறுதல் கூறுகின்றது. இவ்விடத்திலேதான் நுட்பம் உள்ளது. வெளிப்படுத்தற் கட்டளை உரிமை இன்னதெனச் சொல்லும். எவரையும் எதையும் செய்யப் பணிக்காது. பணியாத கட்டளையை மீறுவது எங்ஙனம்? உள்ளூர் நீதிமன்றம் அதிகாரிக்கெதிராகத் தரக்கூடியது பெரும்பாலும் மீறமுடியாத வகைக் கட்டளையே என்பது, வெற்றி பெற்றோம் என்று வீடு திரும்பும் வணிகருக்குப் பின்னரே தெரியவருகின்றது.

பதின்மூன்றாம் திருத்தத்தால் 1987 இல் உருவான மாகாண மேல் நீதிமன்றங்களுக்கு எழுத்தாணை வழங்கும் அதிகாரம் 154P(4) ஆம் உறுப்புரையாற் கிடைத்தது. எனினும் அது மாகாண சபை நிரலிலுள்ள விடயங்களுக்கே உரியது; சுங்கமும் இறக்குமதியும் மத்திக்கு ஒதுக்கப்பட்டவை. எனவே 140 ஆம் உறுப்புரையின் கீழ்க் கொழும்பில் உள்ள மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கே செல்லவேண்டும். கல்முனையிலிருந்து முந்நூறு கிலோமீற்றருக்கு அப்பாற்பட்ட அப்பயணத்தின் செலவு, சிறு வணிகரின் சரக்கு விலையிற் கணிசமான பங்கை விழுங்கிவிடும். இவ்வுறுப்புரையின் அதிகாரத்தை அரசியலமைப்புக்கு முந்திய சாதாரண சட்டங்களின் தடைவாசகங்கள் குறைக்கமாட்டா என்று 1997 இல் வெளியான அத்தபத்து எதிர் மக்கள் வங்கித் தீர்ப்பில் மார்க் பெர்னாண்டோ நீதியரசர் நிலைநாட்டியமை நன்மையே. ஆயினும் அந்நன்மையும் கொழும்பிற்றான் உண்டு.

அங்கு சென்று பெறும் கட்டளை எத்தகையது? மண்டாமுஸ் எனப்படும் பணிப்பாணை, பெரும்பாலும், விண்ணப்பத்தைச் சட்டப்படி கவனித்து முடிவு செய்க என்றே கூறும். உரிமத்தைக் கொடு என்று கூறுவது அருமை. தற்றுணிபு அதிகாரத்தை நீதிமன்றம் தன் கையில் எடுத்துக்கொள்ளாது என்பது இதன் காரணம். அதிகாரி விண்ணப்பத்தைக் கவனிக்கின்றார். புதியதொரு காரணம் காட்டி மீண்டும் மறுக்கின்றார். இது அவமதிப்பாகுமா? ஆகாது என்பதே நிலைபெற்ற விடை. இந்திய உச்ச நீதிமன்றம் 1996 இல் பரிகார் எதிர் கண்பத் துக்கர் வழக்கில், கட்டளைக்கு இணங்க முடிவொன்று எடுக்கப்பட்டபின் அம்முடிவு பிழையாயினும் அதனைத் தனி வழக்காலேயே எதிர்க்கவேண்டும், அவமதிப்பு மனுவிலன்று என்றது. இங்கு ஒரு சொல்: இந்தியர் உச்ச நீதிமன்றம் என்பதையே நாம் உயர் நீதிமன்றம் என்கின்றோம், அவர்களின் உயர் நீதிமன்றம் மாநிலத்துக்குரியது. இருநாட்டுத் தீர்ப்புகளையும் படிப்போர் இதனை மறத்தலாகாது.

இதுவரை கூறியது கட்டளை ஒருவருக்கு நேரே இடப்பட்ட நிலை. நீதிமன்றம் வேறொரு வழக்கில் சட்டம் இன்னதென்று அறுதியிட்டிருக்க, சுங்க அதிகாரி அதனைப் புறக்கணித்து நடந்தால் என்ன? இவ்வினாவுக்கு மிகச் செறிவான விடை தரும் வழக்கு கல்கத்தாவிலிருந்து வந்தது. ஈஸ்ட் இந்தியா கொமர்ஷியல் கம்பனி 1948 ஒக்டோபரில் ஐக்கிய அமெரிக்காவிலிருந்து ஒளிர்குழல் விளக்குகளும் அவற்றின் பொருத்திகளும் தருவிக்க உரிமம் பெற்றது. பொருளைச் சொந்தத் தொழிற்சாலைத் தேவைக்கே பயன்படுத்தவேண்டும், பிறருக்கு விற்றலாகாது என்பது நிபந்தனை. கம்பனி விற்றது எனக் குற்றவழக்கு எழுந்தது. உரிமத்தின் நிபந்தனையை மீறுவது, 1947 ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் ஆக்கப்பட்ட கட்டளையை மீறுவதாகாது எனக் கல்கத்தா உயர் நீதிமன்றம் கொண்டது. விடயம் அத்துடன் முடிந்திருக்கவேண்டும். ஆனால் 1955 இல் சுங்க அதிபர், அதே நிபந்தனை மீறலையே காரணமாகக் காட்டி, ஏன் பறிமுதல் செய்யலாகாது என வினவி அறிவித்தல் அனுப்பினார்.

வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. 1962 மே மாதத்தில் சுப்பாராவ் நீதியரசர் எழுதிய பெரும்பான்மைத் தீர்ப்பு, ஓர் உயர் நீதிமன்றத்தின் மேற்பார்வைக்கு உட்பட்ட அதிகாரி, அந்நீதிமன்றம் சட்டமென்று அறிவித்ததைக் கண்டும் காணாததுபோல் நடவடிக்கை தொடங்க இயலாது என்றது. இல்லையெனின் ஒரே மாநிலத்தில், நீதிமன்றத்துக்கு ஒரு சட்டமும் சுங்க அலுவலகத்துக்கு வேறொரு சட்டமும் நிலவும். சர்க்கார் நீதியரசர் உடன்படவில்லை. கவனிக்கத்தக்கது யாதெனின், கம்பனி பெற்ற பரிகாரம் அவமதிப்புத் தண்டனையன்று. சுங்க அதிபரின் நடவடிக்கையே நிறுத்தப்பட்டது. வணிகருக்கு வேண்டியிருந்ததும் அதுவே.

அந்நெறியிலிருந்து அவமதிப்பை வருவிக்கும் அடுத்த படி சுங்கத்துறையில் நிகழாமல், எதிர்பாராத வகையிற் கோயில் நிருவாகத்தில் நிகழ்ந்தது. ஒரிசாவின் இந்து சமய அறநிலைய ஆணையாளர் பரதகாந்த மிஸ்ரா, உயர் நீதிமன்றத் தீர்ப்பொன்று காட்டப்பட்டபோது, அதற்கெதிராக உச்ச நீதிமன்றத்தை நாடியுள்ளோம், ஆதலால் அதனைப் பின்பற்றுதல் வேண்டாம் எனக் கூறி ஒதுக்கினார். 1972 இல் உச்ச நீதிமன்றம், சுப்பாராவின் தீர்ப்பையே எடுத்துக்காட்டி, இது அவமதிப்பு என உறுதி செய்தது. மேன்முறையீடு செய்திருத்தல் வேறு, தீர்ப்பு நிறுத்திவைக்கப்பட்டிருத்தல் வேறு. திணைக்களங்களில் இன்றும் கேட்கும் சாட்டு இது என்பதால், அவ்வேறுபாடு நினைவிற்கொள்ளத்தக்கது. ஆனால் எச்சரிக்கையும் வேண்டும். சுப்பாராவின் தர்க்கம் இந்திய அரசியலமைப்பின் 227 ஆம் உறுப்புரை தரும் மேற்பார்வை அதிகாரத்தின் மீது கட்டப்பட்டது. அதனை அப்படியே பெயர்த்து இம்மண்ணில் நட இயலாது. இங்கு முன்தீர்ப்பைப் புறக்கணித்தமையை எழுத்தாணை பெறுதற்குரிய காரணமாகக் காட்டுதல் உறுதியான வழி. நேரே அவமதிப்பெனச் சாட்டுதல் ஐயத்துக்குரிய வழி.

அரசே அவமதிப்புக்கு உட்படுமா என்று வினவுவோரும் உளர். உட்படும். தடையுத்தரவு நடைமுறையிலிருக்க அதற்கு மாறாகச் செயற்பட்ட பீகார் அரசு, இராணி சோனாபதி குமாரி வழக்கில் 1960 இல் உச்ச நீதிமன்றத்தின் முன் தப்பவில்லை. இங்கிலாந்திலே, சயீர் நாட்டிலிருந்து வந்து அடைக்கலம் கோரிய ஆசிரியர் ஒருவர் 1991 இல் நீதிமன்றக் கட்டளைக்கு மாறாகத் திருப்பியழைக்கப்படாது விடப்பட்டார். உள்நாட்டு அமைச்சர் அவமதிப்புக்கு உட்பட்டவரே என்று பிரபுக்கள் சபை 1993 இல் தீர்ப்பளித்தது. எனினும் அம்முடிவு அமைச்சர் என்னும் பதவிமீதே சென்றது. தனியாள்மீது தண்டனை விழவில்லை.

இவையனைத்திலும் வணிகர் மறக்கக்கூடியது நாட்கணக்கு. சுங்கக் கட்டளைச் சட்டத்தின் 154 ஆம் பிரிவின்படி, கைப்பற்றப்பட்ட பொருளின் உரிமையாளர் ஒரு மாதத்துள் வழக்குத் தொடரும் எண்ணத்தை எழுத்தில் அறிவித்துப் பிணையும் கட்டாவிடின், பொருள் பறிமுதலானதாகவே கொள்ளப்படும். அதிகாரியைத் தண்டிக்கும் முயற்சியில் அம்மாதம் கழிந்துவிடின், அவமதிப்பு வழக்கில் வென்றாலும் நூல் திரும்பி வராது. அவமதிப்புத் தண்டனை நீதிமன்றத்தின் மாண்புக்கே ஈடு செய்யும், வணிகரின் முதலுக்கன்று. இடைக்காலக் கட்டளைகளுக்கும் நாள் உண்டு. குறித்ததொரு தவணை வரை எனக் கொடுக்கப்பட்ட கட்டளை அத்தவணையில் நீடிக்கப்படாவிடின் தானே மறையும். மறுநாள் சரக்கு ஏலத்தில் விற்கப்பட்டாலும் மீறப்பட்ட கட்டளையென ஒன்று இராது. இதற்கு மாறாக, சட்டமா அதிபர் சார்பில் தோன்றுவோர் திறந்த மன்றிலே கொடுத்து, பதிவேட்டில் எழுதப்பெற்ற வாக்குறுதி கட்டளைக்கு நிகரானது. அதனை மீறுதலும் அவமதிப்பே. பொருளை இன்ன நாள் வரை விற்கமாட்டோம் என்ற ஒரு வரியைப் பதிவேட்டில் ஏற்றிக்கொள்ளும் வழக்கறிஞர், நீண்ட வாதம் செய்து வெளிப்படுத்தற் கட்டளை பெறுபவரிலும் கட்சிக்காரருக்கு அதிகம் செய்துவிடுகின்றார். அப்பதிவின் உறுதிப்படுத்திய பிரதியை அன்றே பெற்று, சுங்கப் பணிப்பாளர் நாயகத்துக்கும் சரக்கைக் காவலில் வைத்திருக்கும் அதிகாரிக்கும் தனித்தனியே பதிவுத் தபாலில் அனுப்பி, அனுப்பியதற்கான சீட்டுகளைப் பேணிக்கொள்ளல் வேண்டும். கட்டளையை அதிகாரி அறிந்திருந்தார் என்பதைப் பின்னர் எண்பிக்க அச்சீட்டுகளே சான்றாகும்.